வாய் திறக்கும் ஆவணப்படமும் வாய் மூடிய ஆவணப்படமும்

அரசியலும் ஊடகமும் ஒன்றையொன்று எப்படி வளர்க்கின்றன என்று படமெடுக்கப் புறப்படுபவர் முதலில் தீர்க்க வேண்டிய கேள்வி: நான் பேசுவதா, சும்மா இருந்து பார்ப்பதா?

பேசும் வழியில் இன்று முன்னால் நிற்பவர் பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்குநர் ஆடம் கர்டிஸ். பிபிசி காப்பகத்தில் தூங்கும் காட்சிகளை வெட்டி ஒட்டி, தன் குரலால் ஒரே கதையாகக் கோத்துவிடுவார். 2016இல் வந்த ‘ஹைப்பர்நார்மலைசேஷன்’ 166 நிமிடம் ஓடுகிறது. நியூயார்க்கில் தொடங்கி டமாஸ்கஸுக்குத் தாவி மாஸ்கோவரை போகிறது. பார்க்கும்வரை உலகமே விளங்கிவிட்டது போலிருக்கும். மறுநாள் யோசித்தால், இதற்கும் அதற்கும் முடிச்சுப் போட்டது சான்றா, அந்தக் குரலின் நிதானமா என்று குழம்பும். செய்தி வாசிப்பவரின் உறுதியான தொனியைச் சந்தேகிக்கக் கற்றுத்தரும் படம், அதே தொனியை இரவல் வாங்குவதுதான் எனக்கு இடிக்கிறது.

சும்மா பார்க்கும் வழிக்கு உதாரணம், இயக்குநர் ஜெஹான் நுஜைம் 2004இல் வெளியிட்ட ‘கன்ட்ரோல் ரூம்’. 2003 இராக் போரின்போது கத்தாரின் தோஹாவில் அரபு செய்தித் தொலைக்காட்சியான அல் ஜசீராவின் செய்தியறைக்கும் அமெரிக்க ராணுவத்தின் ஊடக மையத்துக்கும் இடையே கேமரா அலைகிறது. அங்கே ஜோஷ் ரஷிங் என்ற இளம் அமெரிக்க ராணுவச் செய்தித் தொடர்பு அதிகாரி. கொல்லப்பட்ட அமெரிக்க வீரர்களின் காட்சி அவர் வயிற்றைக் கலக்குகிறது. முந்தைய இரவு இராக்கியர்களின் உடல்களைப் பார்த்தபோது தான் அந்த அளவு கலங்கவில்லை என்பதும் அவருக்கு உறைக்கிறது. அதை அவரே சொல்கிறார். எத்தனை பக்க வர்ணனை எழுதினாலும் இந்த ஒரு நிமிடம் கிடைக்காது. அதே மனிதர் பின்னாளில் அல் ஜசீராவிலேயே செய்தியாளராகச் சேர்ந்தார்!

ஆனால் இந்த வழிக்குக் கதவு திறக்க வேண்டும். பில் கிளின்டனின் 1992 அமெரிக்க அதிபர் தேர்தலைப் படமாக்கிய இயக்குநர்கள் பென்னிபேக்கருக்கும் கிறிஸ் ஹெகடஸுக்கும் வேட்பாளரை நெருங்க அனுமதி கிடைக்கவில்லை. அவருக்குத் தேர்தல் வியூகம் வகுத்த கார்வில்லும் ஸ்டெஃபனோபோலஸும் ‘தி வார் ரூம்’ படத்தின் நாயகர்களானார்கள். அங்கே அது அதிர்ஷ்டமாக முடிந்தது. எல்லோருக்கும் அப்படி வாய்க்காது. முப்பது ஆண்டுக்கு முன் யார் யாருடன் கைகுலுக்கினார்கள் என்பதையும் அறைக்குள் நிற்கும் கேமரா சொல்லாது. அதற்குக் காப்பகம்தான் கதி.

வியட்நாம் போர்க்காலத்தில் அமெரிக்கப் பாதுகாப்பு அமைச்சராக இருந்த மக்னமாராவை உட்கார வைத்து இயக்குநர் எரால் மாரிஸ் எடுத்ததுபோல் ஒரே மனிதரின் நேர்காணலில் படத்தை நிறுத்தும் வழியும் உண்டு. அப்படிப் பேசக்கூடிய ஆள் அகப்பட்டால் பார்க்கலாம்.

ஊடகமே கருப்பொருள் என்றால் என் ஓட்டு நுஜைமுக்கு. கர்டிஸும் அந்தப் பக்கம் ஒரு காலை வைத்துவிட்டார்: சோவியத் வீழ்ச்சியைப் பற்றி 2022இல் வந்த ‘ட்ராமாஸோன்’ தொடரின் ஏழு பகுதிகளிலும் அவர் குரலே இல்லை, எழுத்துக் குறிப்புகள் மட்டும். அவர் செய்ததில் எனக்குப் பிடித்தது அதுதான். ஆனாலும் எந்தக் காட்சியை எடுத்தார், எதை விட்டார் என்பது அங்கேயும் அவர் கையில்தான். முன்பாவது சண்டை போட ஒரு குரல் இருந்தது.