வீடு கூட்டும் ரோபோ: சில ஆண்டுப் பழக்கத்துக்குப் பிறகு

வாங்கிய முதல் வாரத்திலேயே எழுதப்படும் மதிப்புரைகள் உறிஞ்சும் திறனையும் பேட்டரியையும் பற்றிப் பேசி முடித்துவிடுகின்றன. ஒரே கருவியுடன் சில ஆண்டுகள் குடியிருந்த பிறகு நான் சொல்ல வேண்டியது இதுதான்: அது எங்கள் வீட்டை ஒழுங்காகவே கூட்டுகிறது, ஆனால் அது கூட்டுவதற்குத் தோதாக வீட்டை மாற்றிக்கொண்டவர்கள் நாங்கள்தாம்.

ஐரோபாட் நிறுவனம் 2002-இல் அறிமுகப்படுத்திய முதல் ‘ரூம்பா’ கூட்டும் ரோபோ, சுவரில் முட்டித் திசை திரும்பியே அறையைச் சுற்றி வந்தது. எங்களுடையது வேறொரு நிறுவனத்தின் பிற்கால மாடல். தலைமேல் சுழலும் லேசரால் தொலைவை அளந்து அறைகளின் வரைபடத்தைத் தானே போட்டுக்கொள்கிறது. அடியில் உள்ள அகச்சிவப்பு சென்சார்கள், தரையில் பட்டுத் திரும்பும் ஒளியைக் கொண்டே மாடிப்படியின் விளிம்பை அறிகின்றன. கறுப்புத் துணி அந்த ஒளியை விழுங்கிவிடுவதால், கூடத்தில் கிடந்த கறுப்புக் கால்மிதியைப் பள்ளம் என்று எண்ணி அதன் ஓரத்திலேயே நின்றுவிடும். கடைசியில் கால்மிதியைத்தான் மாற்றினோம். சார்ஜர் ஒயர்கள் மேசைமேல் ஏறின. நாற்காலிகள் இரவில் கவிழ்த்து வைக்கப்படுகின்றன. உருளைத் தூரிகையின் இரு முனைகளிலும் கயிறுபோல் இறுகிக்கொள்ளும் தலைமுடியை வாரந்தோறும் கத்தரிக்கோலால் அறுத்தெடுக்க வேண்டும் என்பதைக் கடையில் யாரும் சொல்வதில்லை.

வீட்டுவேலைக்கு வரும் அக்கா முதல் நாளே, "மூலைய யாரு கூட்டுவா?" என்று கேட்டார். வட்ட உடம்புக்கு மூலை எட்டாது என்பதால் அந்தக் கேள்விக்கு இன்றுவரை பதில் துடைப்பம்தான். அம்மாவோ, "பாவம், கட்டிலுக்கடியில மாட்டிக்கிச்சு" என்று குனிந்து எடுத்துவிடுவார். மிக்சிக்காக அவர் ஒருநாளும் இப்படி இரங்கியதில்லை.

இந்த இரக்கத்தோடு ஐயமும் சேர்ந்தே இருக்கிறது, அதற்குக் காரணமும் உண்டு. ஐரோபாட்டின் சோதனைக் கருவிகள் வீடுகளுக்குள் எடுத்த படங்கள், அவற்றில் என்னென்ன இருக்கிறது என்று குறிப்பெழுதும் ஒப்பந்தப் பணியாளர்கள் வழியாகச் சமூக ஊடகக் குழுக்களுக்குப் போனதை எம்ஐடி டெக்னாலஜி ரிவ்யூ இதழ் 2022 டிசம்பரில் வெளியிட்டது. கழிப்பறையில் இருந்த ஒரு பெண்ணின் படமும் அவற்றில் அடக்கம். சோதனைக்கு ஒப்புக்கொண்டவர்களின் வீடுகள் அவை என்று நிறுவனம் விளக்கியது. எங்கள் கருவியில் கேமரா இல்லை. லேசருக்கு முகம் தெரியாது என்று எவ்வளவு சொன்னாலும், அம்மா படுக்கையறைக் கதவைச் சாத்திய பிறகே அதை இயக்க விடுகிறார், நானும் மறுப்பதில்லை.

சமதளமாக டைல்ஸ் போட்ட அடுக்குமாடி வீட்டுக்கு இதை வாங்கலாம். உயர்ந்த நிலைப்படிகள் உள்ள பழைய வீட்டில் அறைக்கு அறை தூக்கிப்போய் விட வேண்டியிருக்கும் என்பதால் பரிந்துரைக்க மாட்டேன். கேமரா இல்லாத மாடலையே கேட்டு வாங்குங்கள். தூரிகையை ஸ்க்ரூடிரைவர் இல்லாமல் கையாலேயே கழற்ற முடிகிறதா என்பதையும் கடையிலேயே கழற்றிப் பார்த்துவிடுங்கள்.