சுங்கை சிப்புட்டில் 300,000 வெள்ளி வீடு: செமி ஃபிளெக்சி கடனில் மொத்தம் எவ்வளவு கட்டுவீர்கள்?

மலேசியாவின் பேராக் மாநிலத்தில் சுங்கை சிப்புட்டைச் சுற்றியுள்ள தாமான்களில் (வீடமைப்புப் பகுதிகளில்) ஒருமாடி வீடு பார்க்கப் போனால் ஏஜெண்ட் வாயிலிருந்து முதலில் வரும் எண், "மாசம் ஆயிரத்து இருநூறுதாங்க." ஈப்போ தொழிற்சாலையில் ஒருவரும் தோட்டத்தில் ஒருவரும் வேலை செய்யும் குடும்பத்துக்கு அது தாங்கக்கூடிய தொகைதான். அதற்குப் பின்னால் இருக்கும் மொத்தத் தொகையைத்தான் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. இப்போது பெரும்பாலான வங்கிகள் நம்மிடம் நீட்டுவது செமி ஃபிளெக்சி வீட்டுக்கடன், அதாவது கூடுதலாகக் கட்டும் பணத்தை அசலில் கழிக்கவும், தேவைப்பட்டால் விண்ணப்பித்துத் திரும்ப எடுக்கவும் முடிகிற கடன். அது உண்மையில் எவ்வளவு செலவு வைக்கிறது, யாருக்குப் பொருந்தும் என்பதை இங்கே கணக்கோடு பார்க்கலாம்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். தவணைக்கு மேல் மாதம் 100, 200 வெள்ளியாவது போட முடிந்தவர்களுக்கு இது மிக நல்ல கடன். தவணையை மட்டும் கட்டிவிட்டுப் போகிறவர்களுக்கு இதற்கும் சாதாரணக் கடனுக்கும் வித்தியாசமே இல்லை.

கணக்குக்கு வருவோம். வீடு 300,000 வெள்ளி (ரிங்கிட்). முதல் இரண்டு வீடுகளுக்கு வங்கி 90 விழுக்காடு வரை கொடுக்கும் என்பதால் கடன் 270,000. மத்திய வங்கியான பேங்க் நெகாரா 2025 ஜூலையில் ஓ.பி.ஆர். என்ற தன் கொள்கை வட்டி விகிதத்தை 3.00இலிருந்து 2.75க்கு இறக்கியது. 2022 ஆகஸ்டு முதல் புதிய வீட்டுக்கடன்கள் எஸ்.பி.ஆர். என்ற அடிப்படை விகிதத்தில் ஓடுகின்றன. அது ஓ.பி.ஆர். ஏறினால் ஏறும், இறங்கினால் இறங்கும். அந்த 2.75இன் மேல் வங்கி தன் பங்காக 1.25 வைத்தால் வட்டி 4 விழுக்காடு. 35 ஆண்டுக்குத் தவணை 1,195 வெள்ளி. மொத்தம் கட்டுவது 502,000 வெள்ளிக்குச் சற்று மேல். அதில் 232,000 வட்டி. வாங்கியது 270,000, வட்டி மட்டுமே இன்னொரு வீட்டு விலையை நெருங்குகிறது.

முதல் மாத ஸ்டேட்மெண்டை எடுத்து வைத்துப் பாருங்கள். 1,195இல் சுமார் 900 வட்டிக்குப் போகிறது, அசலில் கழிவது 295தான். வட்டியைத் தினக்கணக்கில் போடுவதால் 31 நாள் மாதத்தில் வட்டி 917 ஆகும், 30 நாள் மாதத்தில் 888. ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் நீங்கள் கொடுத்திருப்பது 71,700, குறைந்திருக்கும் அசல் 19,600. அசலில் பாதி தீர 23 வருடம் ஆகும். வங்கி ஏமாற்றுகிறது என்று இதற்கு அர்த்தமில்லை. மீதி அசலுக்குத்தான் வட்டி, தொடக்கத்தில் மீதி பெரியது, அவ்வளவுதான். ஆகவே தொடக்க வருடங்களில் அசலில் விழும் ஒவ்வொரு வெள்ளிக்கும் மதிப்பு அதிகம்.

இதே கடனை 30 ஆண்டுக்கு எடுத்தால் தவணை 1,289, வட்டி 194,000. 25 ஆண்டுக்கு என்றால் தவணை 1,425, வட்டி 157,500. 35க்குப் பதில் 30 ஆண்டு என்று மாதம் 94 வெள்ளி கூடுதலாகக் கட்டுவது 38,000 வெள்ளியை மிச்சப்படுத்துகிறது. வட்டி விகிதத்தில் கால் விழுக்காடு பேரம் பேசுவதும் லேசுப்பட்ட விஷயமல்ல. 4.00க்குப் பதில் 4.25 என்றால் மாதம் 41 வெள்ளிதான் கூடும், 35 ஆண்டில் அது 17,000 வெள்ளி. குறைந்தது மூன்று வங்கிகளில் ஆஃபர் லெட்டர் வாங்கி ஒன்றை இன்னொன்றிடம் காட்டிப் பேசுங்கள். ஏஜெண்டோடு வரும் வங்கி அதிகாரி ஒருவரோடு நிறுத்திக்கொள்வதுதான் இங்கே பலரும் செய்யும் தவறு.

இப்போது கடனின் வகைகள். சாதாரணக் கடனில் கூடுதலாகக் கட்டும் பணம் பல வங்கிகளில் அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக நிற்கும், வட்டியைக் குறைக்காது. முழு ஃபிளெக்சியில் கடனோடு ஒரு நடப்புக் கணக்கு இணைந்திருக்கும். அதில் கிடக்கும் பணம் அளவுக்கு வட்டி குறையும், எப்போது வேண்டுமானாலும் எடுக்கலாம். அதற்கு வழக்கமாக மாதம் 10 வெள்ளி கட்டணம். 4 விழுக்காட்டில் அந்த 10 வெள்ளியை ஈடுகட்டவே 3,000 வெள்ளி எப்போதும் கணக்கில் கிடக்க வேண்டும். கடை, லாரி, ஒப்பந்த வேலை என்று பணம் புரளும் குடும்பத்துக்கு அது சரி. சம்பளம் வந்த பத்தாம் நாளே கணக்கு காலியாகும் வீட்டுக்கு அது வீண் செலவு. செமி ஃபிளெக்சி நடுவில் நிற்கிறது. மாதக் கட்டணம் இல்லை, கூடுதலாகப் போட்டதை அசலில் கழிக்கலாம், திரும்ப எடுக்க விண்ணப்பம் கொடுக்க வேண்டும், சில வங்கிகள் ஒவ்வொரு முறைக்கும் கட்டணம் வாங்கும். எடுப்பது கொஞ்சம் சிரமம் என்பதை நாங்கள் குறையாகப் பார்க்கவில்லை. தீபாவளிச் செலவுக்குக் கை நீளாமல் அதுவே காக்கும்.

அதன் பலம் எண்களில் தெரியும். தொடக்கத்திலிருந்து தவணையோடு மாதம் 200 சேர்த்து 1,395 கட்டினால் கடன் 35 வருடத்துக்குப் பதில் 26 வருடத்தில் முடிகிறது. மிச்சம் சுமார் 68,000 வெள்ளி. ஒரே தடவையாக, முதல் வருட முடிவில் 10,000 போட்டால் 31 மாதத் தவணை அழிந்துபோகிறது, வட்டியில் 27,000 மிச்சம். 1960இல் மலேசிய இந்தியர்களின் தலைவர் துன் சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கித் தொழிலாளர்களின் சின்னச் சின்னப் பங்குப் பணத்தில் தோட்டங்களையே வாங்கிக் காட்டியது அவருடைய இந்த ஊருக்குத் தெரிந்த கதை. சிறுகக் கட்டும் பழக்கம் நமக்குப் புதிதல்ல.

ஆனால் இந்தக் கடனில் பணம் தப்பான இடத்தில் விழுவதும் இங்கேதான். வங்கிச் செயலியில் 1,195க்குப் பதில் 1,395 அனுப்பிவிட்டால் வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள். சில வங்கிகளில் கூடுதல் தானாக அசலுக்குப் போகும், சிலவற்றில் முன்பணமாக நிற்கும், சிலவற்றில் தனியாக ஓர் எழுத்து வேண்டும். கடன் எண், தொகை, இது 'பெங்குராங்கான் பிரின்சிபல்' (அசல் குறைப்பு) என்ற வரி, கையெழுத்து, இவை அந்த எழுத்தில் இருக்க வேண்டும். கவுண்டரில் கொடுத்து ஒரு நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். சரிபார்ப்பது எளிது. 10,000 வெள்ளி அசலில் விழுந்திருந்தால் அடுத்த மாத ஸ்டேட்மெண்டில் வட்டி சுமார் 33 வெள்ளி குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் பணம் எங்கோ சும்மா கிடக்கிறது, உடனே கேளுங்கள். இன்னொன்று, கூடுதல் கட்டிய பிறகு "தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா" என்று வங்கி கேட்டால் காலத்தை என்று சொல்லுங்கள். தவணையைக் குறைத்தால் மிச்சம் சுருங்கிவிடும்.

கையெழுத்துக்கு முன் 'ஹெலாயான் பெண்டெடாஹான் புரோடுக்' என்ற கடன் விவரத் தாளைக் கேட்டு வாங்குங்கள். கொடுக்க வேண்டியது வங்கியின் கடமை. மொத்த வட்டி எவ்வளவு, விகிதம் ஏறினால் தவணை எவ்வளவு என்பதெல்லாம் அதில் இருக்கும். நம் கணக்கில் வட்டி 5 விழுக்காடானால் தவணை 1,363, அதாவது 167 கூடுதல். நடக்காது என்று நினைக்க வேண்டாம். 2022 மே முதல் 2023 மே வரை ஒரே வருடத்தில் ஓ.பி.ஆர். 1.75இலிருந்து 3.00க்கு ஏறியது. அந்த 167ஐயும் சேர்த்துக் கட்ட முடியுமா என்று பார்த்துவிட்டே வீட்டின் விலையை முடிவு செய்யுங்கள்.

அதே தாளில் லாக்-இன் காலமும் இருக்கும். பெரும்பாலும் மூன்று முதல் ஐந்து வருடம். அதற்குள் கடனை முழுதாக அடைத்தாலோ வேறு வங்கிக்கு மாற்றினாலோ அபராதம். 3 விழுக்காடு என்றால் 8,100 வெள்ளி. பகுதியாகக் கூடுதல் கட்டுவதற்கு அபராதம் உண்டா என்பதைத் தனியாகக் கேளுங்கள்.

கடன் எடுத்தவர் இறந்தால் மீதிக் கடனை அடைக்கும் எம்.ஆர்.டி.ஏ. காப்புறுதி வேண்டியதுதான். சம்பாதிப்பவர் இறந்தால் வீடு குடும்பத்துக்கு மிஞ்ச வேண்டும். ஆனால் அதைக் கடனோடு சேர்த்துவிடாதீர்கள். பிரீமியம் 9,000 என்று வைத்துக்கொண்டால், கடனில் சேர்த்து 35 வருடம் கட்டும்போது அது 16,700 ஆகிவிடுகிறது. முடிந்தால் ரொக்கமாகக் கட்டுங்கள். இன்னொரு விஷயம், 15 வருடத்துக்கு மட்டும் எடுத்துக் கொடுத்து "குறைந்த பிரீமியம்" என்று காட்டுவதும் உண்டு. காப்புறுதிக் காலத்தைக் கடன் காலத்தோடு ஒப்பிடுங்கள்.

இஸ்லாமிய முறைக் கடனை நம்மவர்களும் எடுக்கிறார்கள், எடுக்கலாம், தடையில்லை. ஒப்பந்தத்தில் விற்பனை விலை 970,000க்கு மேல் போட்டிருப்பதைப் பார்த்துப் பலர் மிரண்டுபோகிறார்கள். அது 10 விழுக்காடு போன்ற உச்ச விகிதத்தில் போட்ட எண். உண்மையில் கட்டுவது நடப்பு விகிதத்தில், வித்தியாசம் 'இப்ரா' என்ற தள்ளுபடியாகக் கழியும். விகிதம் எவ்வளவு ஏறினாலும் அந்த உச்சத்தைத் தாண்டாது என்பது அதன் நல்ல பக்கம்.

சாவி கைக்கு வருமுன் ஆகும் செலவு, பழைய வீடாக இருந்தால்: முன்பணம் 30,000, விற்பனை ஒப்பந்தத்துக்கு லாயர் கட்டணம் 3,750, கடன் ஒப்பந்தத்துக்கு 3,375, இரண்டுக்கும் 8 விழுக்காடு சேவை வரி 570, மதிப்பீட்டுக் கட்டணம் 650 அளவில். பெயர் மாற்ற முத்திரை வரி 5,000, கடன் பத்திரத்துக்கு 1,350. முதல் வீடு, 500,000க்குள் என்றால் இந்த இரண்டு முத்திரை வரிக்கும் விலக்குத் திட்டம் இருந்து வருகிறது. கையெழுத்திடும் தேதியில் அது நடப்பில் உள்ளதா என்று லாயரிடம் கேட்டு, இது முதல் வீடு என்ற சத்தியப் பிரமாணத்தை அவர் தயாரித்துக் கொடுக்க, சத்தியப் பிரமாண ஆணையர் முன் செய்துகொள்ளுங்கள். வங்கிப் பணம் மூன்று மாதத்துக்குள் வெளிவராமல் தாமதமானால் விற்பவருக்கு மீதித் தொகைக்கு வருடம் 8 விழுக்காடு வட்டி என்று ஒப்பந்தத்தில் வழக்கமாக இருக்கும். லீஸ் நிலத்துக்கு மாநில ஒப்புதல் வாங்கவே மாதக்கணக்கில் ஆகும். அந்த மூன்று மாதம் ஒப்புதல் கிடைத்த நாளிலிருந்து எண்ணப்படும் என்று எழுதியிருக்கிறதா பாருங்கள்.

வயது விஷயத்தில் எங்களுக்கு உண்மையான கவலை இருக்கிறது. தோட்ட வீடு வேலையோடு வருவது, வேலை முடிந்தால் வீடும் போகும். ஆகவே பலர் நாற்பதில்தான் சொந்த வீட்டுக்குப் போகிறார்கள். வங்கி பொதுவாக 70 வயது வரை கணக்குப் போட்டு 30 வருடம் கொடுத்துவிடும். ஓய்வோ 60இல். அன்றைக்கு 127,000 வெள்ளி பாக்கி நிற்கும், மாதம் 1,289 தொடர்ந்து கட்ட வேண்டும். நாற்பதில் கடன் எடுப்பவர் 20 வருடத்தில் முடிக்கும் வழியைத் தொடக்கத்திலேயே பார்த்து வைக்க வேண்டும், அல்லது சின்ன வீடாக எடுக்க வேண்டும்.

"இபிஎப் (ஊழியர் சேமநிதி) பணத்தை எடுத்துக் கடனை அடை" என்ற அறிவுரையை எல்லாரும் சொல்வார்கள். அந்த நிதியின் செஜாத்ரா கணக்கிலிருந்து வருடம் ஒருமுறை எடுக்க முடியும்தான். ஆனால் இபிஎப் 2023இல் 5.50, 2024இல் 6.30 விழுக்காடு லாப ஈவு கொடுத்தது. 6 கிடைக்கும் இடத்திலிருந்து எடுத்து 4 வட்டிக் கடனில் போடுவது கணக்குப்படி நஷ்டம். தவணை நிலுவையில் விழுந்து வீடு ஏலத்துக்குப் போகும் நிலை என்றால் மட்டும் எடுங்கள். அதற்கும் முன்னால் கடன் ஆலோசனை அமைப்பான ஏ.கே.பி.கே.யிடம் போங்கள். ஆலோசனை இலவசம், வங்கியோடு பேசித் தவணையை மாற்றியமைக்க உதவுவார்கள். மூன்று மாதம் தவறிய பிறகு போவதைவிட, முதல் மாதம் தடுமாறும்போதே போவது நல்லது.

கடைசித் தவணைக்குப் பிறகும் ஒரு வேலை பாக்கி. கிராண்டில் (நிலப் பத்திரத்தில்) வங்கியின் அடமானம் பதிவாகியே இருக்கும், தானாக அழியாது. கடனை முடிக்கும் தேதியைச் சொல்லி வங்கியிடம் ரிடெம்ப்ஷன் ஸ்டேட்மெண்ட் கேளுங்கள், அந்த நாள் வரைக்குமான வட்டியோடு தொகை வரும். கட்டியதும் லாயர் மூலம் அடமானத்தை நீக்கும் 16என் பாரத்தை நில அலுவலகத்தில் பதிய வேண்டும். அதற்கான லாயர் கட்டணத்தையும் பதிவுக் கட்டணத்தையும் தனியாக எடுத்து வையுங்கள். இதைச் செய்யாமல் அப்பா காலமாகிவிட்டால், தீர்ந்துபோன கடனின் அடமானத்தையும் பெயர் மாற்றத்தையும் சேர்த்துப் பிள்ளைகள் அலைய வேண்டியிருக்கும். பதிவு முடிந்ததும் கிராண்டை நேரில் வாங்கி, அடமானம் ரத்தானது என்ற குறிப்பு அதில் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.