கே ஏரியாவா, பெங்களூரு ரூமா, இல்ல காட்பாடிலயே இருந்துட்டு கையில ஃபோன் ஆப்பா? வேலூர்க்காரனுக்கு எது செட் ஆகும்

வேலூர்ல கே பசங்களுக்குனு, அதாவது ஆம்பளைய நேசிக்கற ஆம்பளைங்களுக்குனு, ஒரு தெரு கிடையாது, இனிமே வரும்னும் எனக்கு தோணல. ஆனா ஒரு கூட்டம் ஒரு தெருவ எப்படி தன்னோடதா மாத்திக்கும்னு நமக்கு யாரும் பாடம் எடுக்க வேணாம், சிஎம்சி ஆஸ்பத்திரி எதிர்ல காந்தி ரோடு பக்கம் ஒரு ரவுண்டு நடந்தா போதும், வைத்தியத்துக்கு பெங்கால்ல இருந்து வந்த சனங்களுக்காக லாட்ஜ் வந்துச்சு, லாட்ஜ் வந்ததும் மீன் குழம்பு மெஸ் வந்துச்சு, அப்புறம் போர்டெல்லாம் பெங்காலில எழுத ஆரம்பிச்சாங்க, இப்போ நம்ம ஊர் கடைக்காரரே பெங்காலில பேரம் பேசறார். யாரும் பிளான் போட்டு கட்டினது இல்ல.

அமெரிக்காவுல சான் ஃபிரான்சிஸ்கோ ஊர்ல காஸ்ட்ரோனு ஒரு ஏரியா, உலகத்துலயே பேர் போன கே ஏரியா, அதுவும் ஏறக்குறைய இப்படித்தான் உருவாச்சு. அங்க இருந்த ஐரிஷ் தொழிலாளி குடும்பங்க புறநகருக்கு கிளம்பிட, பழைய வீடெல்லாம் சல்லிசா கிடைக்க, 70கள்ல பசங்க வந்து குடியேறிட்டாங்க. ஹார்வி மில்க்னு ஒரு கே ஆளு அங்க கேமரா கடை வெச்சிருந்தவர். எலெக்‌ஷன்ல நின்னு நின்னு தோத்தவர் 1977ல ஜெயிச்சார், ஏன்னா அந்த தடவதான் ஊர் மொத்தத்துக்கும் சேர்த்து ஓட்டுனு இருந்தத வார்டு வாரியா மாத்தினாங்க, ஊரெல்லாம் சிதறி கிடந்த வரைக்கும் செல்லாத ஓட்டு ஒரே வார்டுல குவிஞ்சதும் கவுன்சிலர் ஆக்கிடுச்சு. அடுத்த வருஷமே அவர சுட்டு கொன்னுட்டாங்க. குடிக்கற பார், டான்ஸ் எல்லாம் அப்புறம் மக்களே, ஏரியானு ஒண்ணு இருந்தா ஓட்டு இருக்கு, வாடகைக்கு வீடு இருக்கு, ஒடம்பு முடியலைனா கூட வர ஆளு இருக்கு. இந்த மூணை வெச்சுத்தான் கீழ எல்லாத்தையும் எடை போட்டிருக்கேன்.

மூணாவது விஷயம் எய்ட்ஸ் வந்தப்போ தெரிஞ்சுது. 1983ல சான் ஃபிரான்சிஸ்கோ ஜெனரல் ஆஸ்பத்திரில 5பினு தனி வார்டு தொறந்தாங்க, பெத்தவங்க எட்டிப் பாக்காத பசங்க பக்கத்துல உக்காந்து பேசறதுக்கு, கைய புடிச்சுக்கறதுக்கு அந்த ஊர் கே ஆளுங்களே வாலண்டியரா போனாங்க. இந்தியாவுல 1986ல மெட்ராஸ் மெடிக்கல் காலேஜ்ல டாக்டர் சுனிதி சாலமன் சொல்லி நிர்மலானு ஒரு மாணவி பாலியல் தொழில் பண்ற பொண்ணுங்ககிட்ட ரத்த சாம்பிள் எடுத்தாங்க, அத டெஸ்ட் பண்ணது எங்கனு நினைக்கறீங்க, நம்ம சிஎம்சிலதான்! நாட்டுல முதல் எச்ஐவி கேஸ் தெரிஞ்சதே வேலூர் லேப்ல. லேப் இருந்துச்சு, டாக்டருங்க இருந்தாங்க, கூட வந்து நிக்கத்தான் ஒரு தெரு இல்ல.

இப்போ அந்த ஏரியாக்களே ஆட்டம் கண்டிருக்கு. காஸ்ட்ரோ வாடகைக்கு சின்ன பசங்க உள்ள காலெடுத்து வைக்க முடியாது. பொண்ண நேசிக்கற பொண்ணுங்களுக்குனு அதே ஊர் மிஷன் ஏரியாவுல 1997ல இருந்து ஓடின லெக்சிங்டன் கிளப்ங்கற பார 2015லயே மூடிட்டாங்க. 2009ல கிரைண்டர்னு கே பசங்க ஆள் தேடற ஃபோன் ஆப் வந்ததுல இருந்து ஆள பாக்க பாருக்கு போகணும்ங்கற தேவையும் போச்சு, சட்டமும் சனங்களும் கொஞ்சம் மாறினதால கொழந்த குட்டியோட எங்க வேணா வீடு பாத்துக்கறாங்க. 2019ல காஸ்ட்ரோவ கலாச்சார மாவட்டம்னு ஊர் நிர்வாகம் அறிவிச்சுது. ஒரு இடத்துக்கு இப்படி பட்டம் குடுத்து காப்பாத்தறாங்கன்னாலே உள்ள உயிர் குறையுதுனு எனக்கு படும்.

சரி, நம்ம கதைக்கு வருவோம். காட்பாடி ஜங்ஷன்ல நின்னா ஒரு பக்கம் பெங்களூரு, இன்னொரு பக்கம் சென்னை.

பெங்களூருல குட் ஆஸ் யூனு நம்ம ஆளுங்களோட குரூப் ஒண்ணு 1994ல இருந்து இருக்கு, நாங்களும் இருக்கோம்னு வெளிப்படையா நடக்கற ப்ரைட் ஊர்வலம் 2008ல ஆரம்பிச்சுது. தனி ஏரியானு அங்கயும் இல்ல, எல்லாம் சிதறித்தான் கெடக்கு, ஆனா ஐடி சம்பளம் இருந்தா ரெண்டு ஆம்பளைங்க ஃபிளாட் எடுத்தா யாரும் ஏன்னு கேக்க மாட்டாங்க, அட்வான்ஸுக்கு பத்து மாச வாடகை எண்ணி வெச்சா போதும். அந்த பத்து மாசம்தான் பிரச்சனையே. அப்புறம் அங்க சர்க்கிள் பூரா இங்கிலீஷ்ல ஓடும், குடியாத்தத்துல தமிழ் மீடியம் படிச்சவன் மூலைல ஜூஸ் கிளாஸோட நிப்பான். பேர்ணாம்பட்டு பையன் ஒருத்தன் திரும்பி வந்து சொன்னான், "இன்னாண்ணா, அங்க எவனுக்கும் என்னை தெரில, மொதல்ல ஜாலியாதான் கீது, ஜுரம் வந்தப்பவும் எவனுக்கும் தெரில."

சென்னைல ப்ரைட் ஊர்வலம் 2009ல இருந்து. நம்ம ஆளுங்களுக்கு உதவற சகோதரன் அமைப்பு 1998ல ஆரம்பிச்சது, ஓரினம்னு இன்னொரு குழு, அந்த ஆளுங்க தமிழ்லயே எழுதறாங்க, பெத்தவங்ககிட்ட எப்படி பேசறதுங்கறது வரைக்கும். வீடு மட்டும் கொடுமை, பேச்சுலர் கூடாது, அசைவம் கூடாது, நைட்டு பத்துக்கு மேல கேட் தொறக்காது. தெருவுக்கு ஒரு சித்தப்பா வேற இருப்பார். ஆனாலும் மூணாவது விஷயத்துல, அதான் ஆஸ்பத்திரிக்கு கூட வர ஆளு, பெங்களூர விட சென்னைக்குத்தான் என் ஓட்டு, ஏன்னா எமர்ஜென்சில அழறதுக்கு தாய்மொழி வேணும்.

வேலூர்லயே இருந்துட்டு ஆப்ப தொறந்தா? போட்டோவுல முகம் இல்லாத அதே நாலு நெஞ்சு. மிச்சம் விஐடி ஹாஸ்டல் பசங்க, டிகிரி முடிஞ்சா பறந்துடுவாங்க, இல்லனா நோயாளிக்கு துணைக்கு வந்த அட்டெண்டர், டிஸ்சார்ஜ் ஆனா கிளம்பிடுவார். சத்துவாச்சாரில இருக்கறவனுக்கு தொரப்பாடில ஒருத்தன் இருக்கான்னு தெரியும், அதுக்கு மேல பயம், சொந்தக்காரன் எவனாவது இருந்துட்டா? தனியா வர சொல்லி போட்டோ எடுத்துட்டு பணம் புடுங்கற கும்பல் வேற. ஆப்புனால ஓட்டும் இல்ல, வீடும் இல்ல, கூட நிக்க ஆளும் இல்ல, மூணுலயும் முட்டை. இந்த ஊருக்கு ஒரே பிளஸ், ரெண்டு ஆம்பளைங்களோ ரெண்டு பொம்பளைங்களோ காந்தி ரோட்டுல ரூம் கேட்டா பேஷன்ட்டா அட்டெண்டரானு மட்டும்தான் கேப்பாங்க!

நம்ம பசங்க கண்ணுக்கு படாத நாலாவது ஒண்ணு இருக்கு, அதுதான் நம்ம மண்ணுல நெஜமாவே ஏரியா மாதிரி இயங்கறது, திருநங்கைங்களோட ஜமாத். வீட்ட விட்டு தொரத்தின புள்ளைக்கு அம்மா, பாட்டி, அக்கானு மொத்த உறவையும் திருப்பி குடுக்குது, ஆஸ்பத்திரில பக்கத்துல உக்காருது, செத்தா எடுத்து போடுது. ஓட்டு கணக்குலயும் அவங்கதான் முன்னாடி, 2008ல தமிழ்நாட்டுல திருநங்கைகள் நலவாரியம் வந்துச்சுன்னா அவங்க தெருவுல எறங்கி கேட்டதால வந்துச்சு. அதுக்காக அத சொர்க்கம்னு சொல்லல, ஒரே தெருவுல நெருக்கி இருக்கறதே வேற எவனும் வீடு தராததாலதான், உள்ள பெரியவங்க வெச்சதுதான் சட்டம், தண்டம் கட்டணும், எல்லாருக்கும் அது ஒத்து வராது. ஆனா ஃபோன்ல முகத்த மறைச்சுட்டு ஒக்காந்திருக்கற நாம அவங்கள கேலி பண்றோம் பாருங்க, அது அசிங்கம்.

பொண்ணுங்களுக்கு இந்த நாலுமே பாதிதான் வேலை செய்யும், ராத்திரி வெளிய போகவே வீட்டுல பர்மிஷன் வேணுமே. 2025 மே மாசம் மெட்ராஸ் ஐகோர்ட்ல ஒரு ஆட்கொணர்வு மனு வந்துச்சு, வேலூர் எஸ்.பி. எதிர்தரப்பு, ஒரு பொண்ண அவங்க வீட்டுலயே புடிச்சு வெச்சிருக்காங்கனு அவங்க தோழி போட்டது. நீதிபதிகள் ஜி.ஆர்.சுவாமிநாதனும் லட்சுமிநாராயணனும் அந்த பொண்ணு இஷ்டப்பட்ட இடத்துக்கு போகலாம்னு விட்டதோட, குடும்பம் ஆகறதுக்கு கல்யாணம் ஒண்ணுதான் வழினு இல்ல, நாமளா தேர்ந்தெடுக்கற குடும்பமும் குடும்பம்தான்னு எழுதினாங்க. போலீசுக்கும் நல்லா டோஸ். 2023ல சுப்ரீம் கோர்ட் நம்ம ஜோடிகளுக்கு கல்யாண உரிமை இல்லனு சொன்னதுக்கப்புறம் இது பெரிய விஷயம். காஸ்ட்ரோ கூட்டமா சேர்ந்து சாதிச்சதுல கொஞ்சத்த இங்க கோர்ட் பேப்பர் சாதிக்குது.

அதனால என் வரிசை இது. இருபத்தி ரெண்டு வயசு, கையில காசு இல்ல, வீட்டுல பிரச்சனைனா சென்னை, யோசிக்காதீங்க. நல்ல சம்பளம், கூட ஒரு ஆளும் இருந்தா பெங்களூரு. ஜோடியா செட்டில் ஆகணும், அம்மாவயும் பாத்துக்கணும்னா வேலூரே போதும், கூட நம்பிக்கையா நாலு பேர மட்டும் சேர்த்துக்கோங்க, ஆப்ப அந்த நாலு பேர தேடறதுக்கு மட்டும் வெச்சுக்கோங்க. ஜோடியா பேங்க்ல ஜாயின்ட் அக்கவுண்ட் தொறக்க போறவங்க, 2024 ஆகஸ்ட்ல மத்திய நிதி அமைச்சகம் இதுக்கு தடை எதுவும் இல்ல, நாமினியாவும் போடலாம்னு அறிவிச்சத பிரிண்ட் எடுத்துட்டு போங்க, கவுன்ட்டர்ல இருக்கறவருக்கு தெரிஞ்சிருக்கும்னு நம்பி போகாதீங்க.