பேராசிரியர் பதவியா, ஆய்வுக்கூட வேலையா: சோதனை இயற்பியலாளருக்கு எது பொருந்தும்?

பிஎச்.டி. முடித்து, இரண்டு இடங்களில் போஸ்ட்டாக் (பிஎச்.டி.க்குப் பிந்தைய தற்காலிக ஆய்வு) வேலையும் பார்த்தாகிவிட்டது. இப்போது கையில் இரண்டு அழைப்புக் கடிதங்கள். ஒன்று பல்கலைக்கழகத்தில் உதவிப் பேராசிரியர் பதவி, இன்னொன்று பெரிய ஆய்வுக்கூடத்தில் விஞ்ஞானி வேலை. இந்த இடத்தில் நிற்பவர்களிடம் சம்பளம், பதவி உயர்வு, நிரந்தரம் பற்றி எல்லோரும் பேசுவார்கள். எனக்கு முதலில் கேட்கத் தோன்றுவது வேறு: பத்து வருடம் கழித்தும் உங்கள் கை கருவியில் இருக்க வேண்டுமா?

பல்கலைக்கழகத்தில் சேரும்போது கிடைப்பது பெரும்பாலும் ஒரு காலி அறையும் தொடக்க நிதியும்தான். வெற்றிட பம்ப்பைப் பொருத்துவது, லேசரை நேர்ப்படுத்துவது, கசிவு தேடுவது என முதல் இரண்டு வருடம் எல்லாம் நீங்களே. காலையில் முதலாண்டு மாணவர்களுக்கு இயக்கவியல், மாலையில் திருத்த வேண்டிய விடைத்தாள்கள், நடுவில் கிடைக்கும் நேரத்தில் லேப். அப்புறம் மாணவர்கள் வருகிறார்கள். அவர்களுக்கு உதவித்தொகை வேண்டும், அதற்கு ஆய்வு நிதி வேண்டும், நிதிக்கு விண்ணப்பம் எழுத வேண்டும். அறிமுகமான ஒரு பேராசிரியர் ஓர் இரவு ஆசையாகத் தன் லேபுக்குப் போய் ஒரு கண்ணாடியின் திருகில் கை வைத்திருக்கிறார். “சார், அதைத் தொடாதீங்க, இப்பத்தான் அலைன்மென்ட் முடிச்சேன்” என்று மாணவி பதறிவிட்டாராம். ஒவ்வொரு திருகும் பேராசிரியரே தேடி வாங்கியது. ஆனால் அந்த மேசை இப்போது அந்த மாணவியுடையது. பல்கலைக்கழகத்தில் வளர்ச்சி என்றால் பெரும்பாலும் இதுதான்: ஆய்வுக் குழு பெரிதாகப் பெரிதாக, தலைவர் கருவியை விட்டுத் தள்ளிப் போகிறார்.

அதற்கு ஈடாகக் கிடைப்பது சின்ன விஷயம் இல்லை. 1909இல் மான்செஸ்டரில் இயற்பியலாளர் ரதர்ஃபோர்டின் ஆய்வகத்தில், கதிரியக்கப் பொருளிலிருந்து பாயும் ஆல்ஃபா துகள்கள் உலோகத் தகட்டில் பட்டுத் திரும்பி வருகின்றனவா என்று பார்க்கும் வேலை எர்னஸ்ட் மார்ஸ்டனிடம் தரப்பட்டது. இளங்கலை மாணவர், வயது இருபதுதான். இருட்டறையில் கண் பழகும்வரை காத்திருந்து, துத்தநாக சல்ஃபைடு திரையில் தெறிக்கும் பொட்டு வெளிச்சங்களை நுண்ணோக்கி வழியே ஒவ்வொன்றாக எண்ண வேண்டும். ஏறக்குறைய 8,000 துகள்களில் ஒன்று திரும்பி வந்தது. அணுவுக்குக் கரு உண்டு என்ற முடிவு அங்கிருந்துதான் பிறந்தது. 1962இல் கேம்பிரிட்ஜில் ஆய்வு மாணவராக இருந்தபோதுதான் 22 வயது ஜோசப்சன், இரண்டு மீக்கடத்திகளுக்கு (மின்தடையே இல்லாமல் மின்சாரத்தைக் கடத்தும் பொருள்கள்) இடையே மின்னழுத்தமே இல்லாமல் மின்னோட்டம் பாயும் என்று கணித்தார். ‘இது நடக்காது’ என்று நினைத்துப் பழகிப்போகாத ஆட்கள் வருடா வருடம் புதிதாக உள்ளே வரும் இடம் பல்கலைக்கழகம். ஆய்வுக்கூடத்துக்கும் மாணவர்கள் வருவார்கள், ஆனால் பெரும்பாலும் வேறொருவருடைய மாணவர்களாக.

கற்பித்தலைச் சுமையாக மட்டும் பார்ப்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பாடம் நடத்தவே தேவையில்லாத பிரின்ஸ்டன் உயராய்வு நிறுவனத்துக்கு அழைப்பு வந்தும் இயற்பியலாளர் ஃபைன்மன் போகவில்லை. யோசனை எதுவும் வராமல் வறண்டுபோகும் மாதங்களில் வகுப்பும் மாணவர்களின் கேள்விகளும்தான் ஒருவரைத் தாங்கிப் பிடிக்கும் என்று அவர் நம்பினார்.

சரி, ஆய்வுக்கூடம்? பிரான்ஸில் கிரெநோபிள் நகரில் இருக்கும் ஐரோப்பிய சிங்க்ரோட்ரானை எடுத்துக்கொள்ளுங்கள். எலக்ட்ரான்கள் சுற்றிவரும் 844 மீட்டர் சுற்றளவுள்ள வளையம், அதிலிருந்து பிரியும் எக்ஸ் கதிர்த் தடங்கள். பேராசிரியர் விண்ணப்பம் போட்டுக் காத்திருந்து சில நாள் பீம்டைம் (கதிரைப் பயன்படுத்தும் நேரம்) வாங்குகிறார். அந்தத் தடத்துக்குப் பொறுப்பான விஞ்ஞானிக்கோ அது வருடம் முழுக்கப் பக்கத்திலேயே இருக்கிறது. பம்ப் பழுதானால் பார்க்க ஆள் உண்டு, திரவ ஹீலியம் தீர்ந்தால் தர ஆள் உண்டு. பல்கலைக்கழகத்தில் அதே பழுது ஒரு மாணவரின் இரண்டு மாதத்தைத் தின்றுவிடும். கருவியோடு வாழ நினைப்பவருக்கு ஆய்வுக்கூடம்தான் இடம், சந்தேகமே இல்லை.

ஆனால் அந்தக் கருவியில் ஏறுவது பெரும்பாலும் அடுத்தவர் ஆராயக் கொண்டுவரும் பொருள். அதிகாலை மூன்று மணிக்கு கதிரை மறைக்கும் ஷட்டர் திறக்கவில்லை என்று போன் வந்தால் எழுந்து போக வேண்டியது நீங்கள். கட்டுரையில் உங்கள் பெயர் நடுவில் எங்கோ இருக்கும். பெரிய கூட்டுச் சோதனைகளில் இது இன்னும் கூர்மையாகத் தெரியும். 2015இல் ஹிக்ஸ் போசான் என்ற அடிப்படைத் துகளின் நிறையைப் பற்றி ஜெனீவாவின் செர்ன் துகள் ஆய்வுக்கூடத்தின் இரண்டு குழுக்கள் சேர்ந்து வெளியிட்ட கட்டுரையில் 5,154 ஆசிரியர்கள். 33 பக்கங்களில் 24 பக்கம் பெயர்களும் நிறுவனங்களும்தான். அதற்காக அந்த உழைப்பு தாழ்ந்தது என்று சொல்ல மாட்டேன், அத்தனை பேர் இல்லாமல் அந்த அளவீடே கிடையாது. ஆனால் தன் கேள்வியைத் தானே தேர்ந்தெடுக்க வேண்டும் என்று துடிப்பவருக்கு அது நெருக்கும். பல்கலைக்கழகத்தில் நாளைக்கே துறையை மாற்றிக்கொள்ளலாம், நிதி மட்டும் கிடைத்தால் போதும்.

பல்கலைக்கழகத்திலும் பெயர் எப்போதும் நியாயமாகப் பங்கிடப்படுவதில்லை. 1967இல், சீரான இடைவெளியில் ரேடியோ துடிப்பு அனுப்பும் விண்மீனான பல்சாரின் சுவடை முதலில் கவனித்தவர் ஆய்வு மாணவி ஜோசலின் பெல். 1974 நோபல் பரிசு அவருடைய வழிகாட்டி ஹியூவிஷுக்கும் மார்ட்டின் ரைலுக்கும் போனது. பேராசிரியர் ஆகப் போகிறவர்கள் இதை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

தொழில் நிறுவன ஆய்வகங்களைப் பற்றி ஒரு வார்த்தை. 1947இல் டிரான்சிஸ்டர் பிறந்ததும், 1964இல் பிரபஞ்சத்தின் தொடக்க காலத்திலிருந்து மிஞ்சிய பின்புலக் கதிர்வீச்சு ஆன்டெனாவில் இரைச்சலாக மாட்டியதும் அமெரிக்கத் தொலைபேசி நிறுவனம் ஒன்றின் பெல் ஆய்வகத்தில்தான். அதே ஆய்வகம் 2008இல் அடிப்படை இயற்பியலிலிருந்து விலகிக்கொண்டது. நிர்வாகத்தின் கணக்கு மாறினால் உங்கள் துறையே மூடப்படலாம் என்பதைத் தெரிந்துகொண்டே அங்கே போக வேண்டும்.

என் சாய்வு பல்கலைக்கழகத்தின் பக்கம். முதல் சிக்னலைத் தான் பார்க்காமல் தன் மாணவர் பார்த்து ஓடிவந்து சொல்லும்போதும் அதே அளவு சந்தோஷப்பட முடிகிறவருக்கு அது பொருந்தும். அந்த முதல் சிக்னலைத் தன் கண்ணாலேயே பார்த்தாக வேண்டும் என்பவர் ஆய்வுக்கூடத்துக்குப் போகட்டும். எது உங்களுக்கு என்று தெரியவில்லையா? கையெழுத்துப் போடும் முன் இரண்டு இடத்திலும் பத்து வருடம் மூத்த ஒருவரைப் பிடித்து, போன வாரம் அவருடைய ஒவ்வொரு நாளும் எதில் கழிந்தது என்று மணிக்கணக்கோடு கேட்டுப் பாருங்கள்.