பன்னிரண்டு ஆண்டுப் படமும் விஎல்சி பிளேயரும்

ரிச்சர்ட் லிங்க்லேட்டரின் ‘பாய்ஹுட்’ படத்தில் ஆண்டு மாறியதை அறிவிக்கும் எழுத்து ஓரிடத்திலும் திரையில் வருவதில்லை. 2002 முதல் 2013 வரை, ஆண்டுதோறும் சில நாட்கள் மட்டும், அதே நடிகர்களை வைத்து எடுத்த 165 நிமிடப் படம் இது. ஆறு வயதுச் சிறுவனாக அறிமுகமாகும் மேசன், ஒரு காட்சி முடிந்து அடுத்தது தொடங்குவதற்குள் வளர்ந்துவிட்டிருப்பான். முடியின் நீளத்தையும் குரலின் கனத்தையும் வைத்து நாம்தான் உணர்ந்துகொள்ள வேண்டும். இப்படிப்பட்ட படத்தில் ஒரு நொடி காட்சி தடுமாறினாலும் ஓர் ஆண்டு கைநழுவிப் போகும்.

என்னிடமிருந்த பிரதி, 10 பிட் (நிறங்களை நுணுக்கமாகப் பதியும்) எச்.265 என்ற காணொளிச் சுருக்க முறையில் சுருக்கப்பட்ட எம்கேவி கோப்பு. பழைய மடிக்கணினியில் ஏற்கெனவே இருந்த பிளேயரில் ஒலி மட்டும் கேட்டது, திரை இருண்டே கிடந்தது. எம்கேவி என்பது வெறும் உறை. உள்ளே இருக்கும் படத்தை விரித்துக் காட்ட உரிய கோடெக், அதாவது சுருக்கத்தை விரிக்கும் நிரல், வேண்டும். விஎல்சி என்ற காணொளி பிளேயர் தனக்குத் தேவையான கோடெக்குகளைத் தன்னுள்ளேயே கொண்டிருப்பதால், நிறுவியவுடன் படம் தெரிந்தது. பாரிஸ் பொறியியல் கல்லூரி ஒன்றில் 1996-இல் மாணவர் திட்டமாகத் தொடங்கிய இந்த மென்பொருள், இன்றும் விலையின்றியும் விளம்பரமின்றியும் கிடைப்பதை நான் பெரிதாக மதிக்கிறேன்.

ஆனாலும் காட்சி விட்டுவிட்டு ஓடியது. ஏழாம் தலைமுறைக்கு முந்தைய இன்டெல் கோர் செயலிகளில் 10 பிட் எச்.265-ஐ முழுமையாக விரிக்கும் வன்பொருள் வசதி இல்லாததால், சுமை முழுவதும் செயலியின் மீது விழுகிறது. மின்சேமிப்பு நிலையை நீக்கி, சார்ஜரை இணைத்த பிறகு ஓட்டம் சீரானது. பச்சைத் திட்டுகள் தெரிந்தால், விஎல்சியின் விருப்பங்களில் வன்பொருள் முடுக்கத்தை (வன்பொருளின் துணையுடன் படத்தை விரிப்பதை) நிறுத்திப் பார்க்கலாம்.

எனக்கு அதிக நேரம் பிடித்தது சப்டைட்டில்தான். அம்மாவுக்காக நான் தமிழில் எழுதியிருந்த எஸ்ஆர்டி கோப்பு (வசனமும் அது தோன்றும் நேரமும் கொண்ட எளிய எழுத்துக் கோப்பு) முதலில் புரியாத குறிகளாக வந்தது. எழுத்துகளைக் கணினி சேமிக்கும் முறையான எழுத்துக் குறியாக்கத்தை யுடிஎஃப்-8 என்றும் எழுத்துருவை நிர்மலா என்றும் மாற்றியதும் தமிழ் ஒழுங்காகத் தெரிந்தது. அடுத்த சிக்கல் நேரம். சப்டைட்டில் வசனம் தொடக்கம் முதல் இறுதிவரை ஒரே அளவு விலகியிருந்தால், ஜி, எச் விசைகளை அழுத்தி 50 மில்லி நொடிகளாக நகர்த்தினால் போதும். என் கோப்போ நொடிக்கு 25 சட்டகம் (ஃபிரேம்) ஓடும் பிரதிக்கு ஏற்ற நேரக்குறிகளைக் கொண்டிருந்தது, படம் 23.976-இல் ஓடியது. அதனால் விலகல் வளர்ந்துகொண்டே போய், முடிவில் ஏழு நிமிடத்தை நெருங்கும். மகன் கல்லூரிக்குப் புறப்படும் நாளில் தாய் உடைந்து அழும் காட்சி அந்த இறுதிப் பகுதியில்தான் வருகிறது. பாட்ரிசியா ஆர்க்கெட் ஆஸ்கர் பெற்ற பாத்திரம் அது. அங்கே வசனம் முந்திக்கொண்டால் என்ன மிஞ்சும்? தட ஒத்திசைவுப் பகுதியில் சப்டைட்டிலின் வேகத்தையே மாற்ற முடிவது விஎல்சியின் பெரிய பலம்.

இத்தனை பயனுள்ள வசதிகளைப் பட்டியல்களுக்குள் இவ்வளவு ஆழத்தில் வைத்திருப்பது குறையே. கன்ட்ரோல், ஜே விசைகளைச் சேர்த்து அழுத்தினால் கோடெக் விவரம் தெரியும் என்பதைப் புதியவர் எப்படி அறிவார்? மேலும், பாதியில் நின்ற பதிவிறக்கத்தை விஎல்சியாலும் காப்பாற்ற முடிவதில்லை. பல எம்பி4 கோப்புகளில், படமும் ஒலியும் எங்கே உள்ளன என்று காட்டும் அட்டவணை இறுதியில் இருப்பதால், அந்தப் பகுதி வந்து சேராத கோப்பை மீண்டும் முழுமையாகப் பெறுவதே வழி.