கும்மிடிப்பூண்டிப் பக்கம் வீடு தேடுகிறவர்கள் கவனத்துக்கு: என் 40,000 ரூபாய் அட்வான்ஸ் போய்விட்டது

நேற்றுதான் காலி செய்தேன். ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.

எனக்கு எல்லை தாண்டி ஆந்திராவில் இருக்கும் ஸ்ரீசிட்டி தொழில் நகரத்தில் ஷிஃப்ட் வேலை. கம்பெனி பஸ் நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் வேண்டுமென்று வீடு தேடும் ஆப் ஒன்றில் பார்த்து, ‘சரிபார்க்கப்பட்ட உரிமையாளர்’ என்று போட்டிருந்ததை நம்பி, நானும் தங்கையும் குடிபோனோம். அட்வான்ஸ் 40,000 ரூபாய். சாவி கொடுத்த அன்று ஓனரம்மா இருவருக்கும் குங்குமம் வைத்துவிட்டு, “நீங்களும் எங்க வீட்டுப் பிள்ளைங்கதான். ஆத்திர அவசரத்துக்கு ஒரு சாவி எங்ககிட்ட இருக்கட்டும்” என்றார். அப்படிச் சொல்கிறவரிடம் யார்தான் முடியாது என்பார்கள்?

கொஞ்ச நாளில், அணைத்துவிட்டுப் போன ஃபேன் ஓடிக்கொண்டிருக்கும், பீரோ கதவு ஒருக்களித்துக் கிடக்கும். அப்புறம் ஒரு நாள் நைட் ஷிஃப்ட் முடிந்து வந்து தூங்கிக்கொண்டிருக்கிறேன், பூட்டில் சாவி திரும்புகிற சத்தம். எழுந்து வந்தால் ஓனர் நடு ஹாலில் நின்று, கொடியில் காயும் எங்கள் துணிகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். “குழாய் ஒழுகுதான்னு பார்க்க வந்தேன். என் வீட்டுக்கு வர நான் யாரைக் கேட்கணும்?”

அன்றே பூட்டை மாற்றினேன். உடனே காலி பண்ணச் சொல்லிவிட்டார். பெயின்ட், கதவு ரிப்பேர், பாதியில் போவதற்கு என்று கணக்குச் சொல்லி 40,000-மும் கழிந்துவிட்டதாம். பில் கேட்டால் மகனிடம் பேசு என்கிறார், மகன் அப்பாவிடம் பேசுங்க என்கிறான். ஆப்காரர்களோ “அறிமுகம் செய்வதோடு எங்க வேலை முடிஞ்சது மேடம்” என்று வைத்துவிட்டார்கள். ஓவர்டைம் பார்த்துச் சேர்த்த 40,000 ரூபாய்!

தமிழ்நாட்டில் 2017-ல் இயற்றி 2019-ல் நடைமுறைக்கு வந்த வாடகைச் சட்டம் இருக்கிறது. வீட்டுக்குள் வர வேண்டுமென்றால் ஓனர் 24 மணி நேரம் முன்பே, என்ன காரணம், எப்போது என்று எழுத்தில் சொல்ல வேண்டும். இதைச் சொன்னதற்கு “சட்டம் பேசுறவளுக்கு வீடு கிடையாது” என்றார்.

தயவுசெய்து யாருக்கும் மறுசாவி கொடுக்காதீர்கள். ஒப்பந்தம் எழுதி, இந்தச் சட்டப்படி அரசு நியமித்திருக்கும் வாடகை அதிகாரியிடம் பதிவு செய்யச் சொல்லுங்கள். அட்வான்ஸை பேங்க் வழியாகவே கொடுங்கள், குடிபோகிற அன்றே சுவர், கதவு எல்லாம் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். ஆரம்பாக்கம் தாண்டி தடா, சூளூர்பேட்டையில் பார்க்கிறவர்கள் அங்கே இந்தச் சட்டம் செல்லாது, ஆந்திரச் சட்டத்தை விசாரித்துக்கொள்ளுங்கள்.

இன்று காலை அதே ஆப்பில் அதே வீடு, ‘வேலைக்குப் போகும் பெண்களுக்கு ஏற்றது’ என்று வந்திருக்கிறது. வாடகை அதிகாரியிடம் மனு கொடுக்கத்தான் போகிறேன், 40,000-ஐயும் விடுவதாக இல்லை.