பெரியம்மா ஒளிச்சு வெச்சு படிச்ச நாவலுக்கு ஒரு ஆராய்ச்சி புக்

டயானா வாலஸ் எழுதின 'ஃபீமேல் காதிக் ஹிஸ்டரீஸ்', 2013ல யுனிவர்சிட்டி ஆஃப் வேல்ஸ் பிரஸ் போட்டது. பொண்ணுங்க எழுதின காதிக் கதைங்க, அதாவது பாழடைஞ்ச மாளிகை, பேய், ரகசியம்னு வர்ற கதைங்க, சரித்திரத்த எப்படிச் சொல்லுதுன்னு பாக்கற ஆராய்ச்சி. செகண்ட் ஹேண்ட்ல ஆர்டர் போட்டு அஸ்தம்பட்டிக்கு வந்து சேர மூணு வாரம் ஆச்சு. அட்டை மூலை மடங்கி இருந்துச்சு, உள்ள யாரோ பென்சில்ல கோடு போட்டு வெச்சிருக்காங்க, அதுவும் விக்டோரியா ஹோல்ட்ங்கற நாவலாசிரியை பத்தின பக்கங்கள்ல தான் ஜாஸ்தி, அதப் பாத்ததும் எனக்கு அவ்ளோ சந்தோஷம்.

ஏன்னா எங்க பெரியம்மா அந்தக் காலத்துல லெண்டிங் லைப்ரரில ஹோல்ட் நாவல் எடுத்துட்டு வந்து தாத்தா கண்ணுல படாம அரிசி டின்னுக்குப் பின்னாடி வெச்சு படிச்சவங்க. 1960ல வந்த 'மிஸ்ட்ரெஸ் ஆஃப் மெல்லின்' கதைய எனக்கு வாயாலயே சொல்லிருக்காங்க, கார்ன்வால்ல பெரிய பங்களா, பாடம் சொல்லிக் குடுக்க வர்ற பொண்ணு, செத்துப்போன முதல் சம்சாரத்தப் பத்தி ஊரே குசுகுசுன்னு பேசறது. வீட்ல அதுக்கு பேரு வெட்டிக் கதை. எம்.ஏ. படிச்சப்ப என் கிளாஸ்லயும் ஹோல்ட் பேர யாரும் எடுத்ததில்ல.

சரித்திர நாவல்னா 1814ல வால்டர் ஸ்காட்டோட 'வேவர்லி'ல ஆரம்பிக்குதுன்னு தான் நாம மனப்பாடம் பண்ணோம். அதுக்கு முப்பது வருஷம் முன்னாடியே, 1783ல இருந்து 85க்குள்ள, சோஃபியா லீ 'தி ரிசெஸ்' எழுதிட்டாங்க. ஸ்காட்லாந்து ராணி மேரிக்கு ரகசியமா பிறந்த ரெட்டைப் பொண்ணுங்க, பாழடைஞ்ச மடத்துக்கு அடியில நிலவறைல வளருதுங்க. அப்படி ரெண்டு பேர் எந்த சரித்திரத்துலயும் கிடையாது, சரித்திரம் பொண்ணுங்கள எங்க வெச்சிருக்குன்னு அந்த நிலவறையே சொல்லிடுதே! வாலஸ் பிடிக்கற இழையும் இதான், பேய், பூட்டின ரூம், புதைச்ச ரகசியம்னு எழுதித்தான் இந்தப் பெண் எழுத்தாளருங்க தங்களையும் சரித்திரத்துக்குள்ள கொண்டு வர்றாங்க, வெளிய தள்ளப்பட்டதையும் காட்டறாங்க. அங்கிருந்து எலிசபெத் காஸ்கெல், வெர்னன் லீ, டாஃப்னி டு மாரியர், ஹோல்ட், சாரா வாட்டர்ஸ் வரைக்கும் வருது.

நான் இதப் பாதி ஏற்காட்டுல, சொந்தக்காரங்க பாத்துக்கற ஒரு பழைய எஸ்டேட் வீட்ல உக்காந்து படிச்சேன். ஹால்ல ஒரு கருப்பு வெள்ளை போட்டோ மாட்டியிருக்கு, துரை பேரு கீழ எழுதியிருக்கு, பக்கத்துல நிக்கற அம்மா பேரு இல்ல. இருபது தடவ அந்த ஹால்ல நடந்திருப்பேன், அன்னைக்கு தான் கண்ணுல பட்டுச்சு.

குறைன்னா முன்னுரை தான், சைக்கோ அனாலிசிஸ்னு மனசோட அடி ஆழத்த ஆராயற தியரி நிறைய, ஒரு பாராவ மூணு வாட்டி படிக்க வேண்டியிருந்துச்சு. நாவல் பத்தின அத்தியாயங்கள முடிச்சுட்டு முன்னுரைக்கு வாங்க, அப்ப புரியுது.

ஹோல்ட் பகுதிய பெரியம்மாகிட்ட தமிழ்ல சொன்னேன், ஹோல்டும் ராஜா ராணி கதை எழுதின ஜீன் பிளெய்டியும் ஒரே ஆளு, நிஜப் பேரு எலினார் ஹிப்பர்ட்னு. "அப்போ நான் ரெண்டு பேர்லயும் அந்தம்மாவத்தான் படிச்சிருக்கேனா"ன்னு கேட்டுட்டு புக்க வாங்கித் தடவிப் பாத்தாங்க. இப்ப அது அவங்க தலைமாட்டுல இருக்கு. சேலத்துல ரிசர்ச் பண்றவங்க யாருக்காவது வேணும்னா வாங்கித் தர்றேன், பென்சில் கோட மட்டும் அழிச்சுடாதீங்க.